தெரியாத எண்களின் தொல்லை அழைப்புகள்: ஸ்மார்ட்போனில் அடியோடு குறைக்க முழு வழிகாட்டி

மாலை நான்கு மணிக்கு ஓர் எண்ணை பிளாக் செய்கிறீர்கள். நாலே காலுக்கு மறுபடி போன் அடிக்கிறது. சென்னைக்குப் பக்கத்தில் ஊரப்பாக்கத்தில் பிளாட் விற்கும் அதே பேச்சு, எண்ணின் கடைசி இரண்டு இலக்கம் மட்டும் வேறு. விளம்பரக் கால் சென்டர்கள் எண்களைக் கொத்தாக வாங்கி வைத்திருக்கின்றன. நீங்கள் ஒன்றை அடைத்தால் கணினி அடுத்த எண்ணிலிருந்து அழைக்கும். மோசடிக்காரர்கள் இன்னும் ஒரு படி மேலே போய், இன்னொருவரின் எண்ணைப் போலி செய்து உங்கள் திரையில் காட்டுவார்கள். அப்போது நீங்கள் அடைப்பது, இந்த விஷயமே தெரியாத யாரோ ஒருவரின் எண்ணை.

அதனால் எண் எண்ணாக அடைப்பதில் நேரத்தைச் செலவிடாதீர்கள். வருவது எந்த வகை அழைப்பு என்று முதலில் பிரித்துப் பாருங்கள். விளம்பரத்துக்கு ஒரு கதவு, மோசடிக்கு ஒரு கதவு, மிரட்டலுக்கு ஒரு கதவு. தவறான கதவைத் தட்டினால் புகார் அங்கேயே கிடக்கும். இன்னொன்றும் முக்கியம்: எல்லாவற்றையும் ஒரேயடியாக அடைத்துவிட்டால் கேஸ் சிலிண்டர் கொண்டுவருபவர், குடிநீர் வாரிய லாரி ஓட்டுநர், பாஸ்போர்ட் விசாரணைக்கு வரும் காவலர், ஆஸ்பத்திரி லேப் ஆகியோரின் அழைப்பும் போய்விடும். தொல்லையும் நிற்க வேண்டும், வேண்டிய அழைப்பும் வர வேண்டும். கீழே உள்ள வரிசை அதற்காகத்தான்.

திரையில் தெரியும் எண் என்ன சொல்கிறது

140 என்று தொடங்கினால் பதிவு செய்த நிறுவனத்தின் விளம்பர அழைப்பு. இந்த வரிசை விளம்பரத்துக்கென்றே ஒதுக்கப்பட்டது.

160 என்று தொடங்கும் பத்து இலக்க எண்கள் (1600, 1601) அரசு அமைப்புகளும் வங்கி, காப்பீடு, பங்குச் சந்தை போன்ற ஒழுங்குமுறைக்கு உட்பட்ட நிறுவனங்களும் சேவை தொடர்பாக அழைப்பதற்கு. இவற்றை அடைக்க வேண்டாம். அதற்காக இந்த வரிசையிலிருந்து பேசுபவரிடம் ஓடிபி சொல்லலாம் என்று பொருளில்லை. ஓடிபியை எந்த எண்ணிலிருந்து கேட்டாலும் சொல்லக் கூடாது.

சாதாரண பத்து இலக்க மொபைல் எண்ணிலிருந்தோ 044 தரைவழி எண்ணிலிருந்தோ விற்பனைப் பேச்சு வந்தால் அது விதிமீறல். புகார் கொடுத்தால் பலன் அதிகம் கிடைப்பது இந்த வகையில்தான்.

எண்ணே தெரியாமல் "பிரைவேட் நம்பர்", "நோ காலர் ஐடி" என்று வருவது வேறு ரகம். எண்ணை மறைக்கும் வசதியை இந்தியாவில் சாதாரண வாடிக்கையாளருக்குத் தொலைத்தொடர்பு நிறுவனங்கள் தருவதில்லை. ஆகவே இப்படி வருவது பெரும்பாலும் வெளிநாட்டிலிருந்தோ இணையவழி அழைப்புச் சேவையிலிருந்தோதான். உங்களுக்குத் தெரிந்தவர் இப்படி அழைக்க வாய்ப்பு குறைவு. தயங்காமல் மொத்தமாக அடைக்கலாம்.

எடுத்ததும் யாரும் பேசாமல் இரண்டு மூன்று நொடியில் கட்டாகிறதா? யாரோ வேவு பார்க்கிறார்கள் என்று பயப்பட வேண்டாம். கால் சென்டரின் டயலர் மென்பொருள், உட்கார்ந்திருக்கும் ஊழியர்களைவிட அதிகமான எண்களுக்கு ஒரே நேரத்தில் அடிக்கும். நீங்கள் எடுக்கும்போது பேச ஆள் காலியாக இல்லையென்றால் லைனைத் துண்டித்துவிடும். ஆனால் அந்த எண்ணில் ஆள் எடுக்கிறார் என்ற தகவல் பதிவாகி, பிறகு மறுபடி அழைப்பு வரலாம். தெரியாத எண்ணைத் திருப்பி அழைக்க வேண்டாம் என்று சொல்வதற்கு ஒரு காரணம் இது. வெளிநாட்டு எண் என்றால் திருப்பி அழைப்பதற்கான கட்டணமும் உங்கள் தலையில் விழும்.

முதல் வேலை: 1909

போன் செட்டிங்ஸைத் தொடும் முன் இதைச் செய்யுங்கள். விளம்பர அழைப்பு வேண்டாம் என்று உங்கள் எண்ணைப் பதிவு செய்வதுதான் டிஎன்டி. தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் 2018இல் கொண்டுவந்த விதிகளின்படி இது எல்லா நிறுவனத்துக்கும் பொருந்தும். கட்டணம் இல்லை.

1. எந்த சிம்முக்குத் தொல்லை வருகிறதோ அந்த சிம்மிலிருந்து 1909க்கு எஸ்எம்எஸ் அனுப்புங்கள். ஆங்கிலப் பெரிய எழுத்தில் ஸ்டார்ட் என்று அடித்து, ஓர் இடம் விட்டு, 0 என்று அடிக்க வேண்டும். சுழியம் என்றால் முழுத் தடை.

2. உறுதி செய்யச் சொல்லிப் பதில் வந்தால் அதில் சொன்னபடி பதில் அனுப்புங்கள். பதிவு எண்ணோடு வரும் எஸ்எம்எஸ்ஸை அழிக்காதீர்கள்.

3. எஸ்எம்எஸ் வேண்டாமென்றால் 1909க்கு அழைத்தும் பதியலாம். ஜியோ, ஏர்டெல், வி நிறுவனங்களின் சொந்த ஆப்களிலும் டிஎன்டி என்று தேடினால் கிடைக்கும். டிராயின் டிஎன்டி ஆப்பும் உண்டு.

4. சில வகை விளம்பரம் மட்டும் வரட்டும் என்றால் பகுதித் தடை எடுக்கலாம். வங்கி மற்றும் நிதி, ரியல் எஸ்டேட், கல்வி, மருத்துவம், நுகர்பொருள் மற்றும் வாகனம், தகவல்தொடர்பு மற்றும் பொழுதுபோக்கு, சுற்றுலா, உணவு என எட்டு வகை. இதற்கு எஸ்எம்எஸ்ஸைவிட ஆப்தான் வசதி. எதை அடைத்தீர்கள் என்பது கண்ணுக்குத் தெரியும். ஆனாலும் முழுத் தடைதான் நல்லது. போனில் வரும் விளம்பரத்தால் ஆகப்போவது எதுவுமில்லை.

முழுத் தடை போட்டால் வங்கி எஸ்எம்எஸ், ஓடிபி வராதோ என்ற பயம் பலருக்கு இருக்கிறது. வரும். பரிவர்த்தனை, சேவைச் செய்திகளை டிஎன்டி தொடாது.

பதிவு செய்த அன்றே அழைப்புகள் நின்றுவிடாது. ஒரு வாரம் பொறுங்கள். அதன்பிறகும் வந்தால் காரணம் பெரும்பாலும் இவற்றில் ஒன்று.

இரண்டு சிம் போனில் ஒரு சிம்முக்கு மட்டும் பதிவு செய்திருப்பீர்கள். எஸ்எம்எஸ் எப்போதும் இயல்பாக வைத்திருக்கும் சிம்மிலிருந்து போகும் என்பதால் இந்தத் தவறு சுலபமாக நடக்கும். அனுப்பும் முன் பொத்தானருகே சிம் 1, சிம் 2 எது என்று பாருங்கள்.

நிறுவனம் மாற்றிப் போர்ட் செய்த பிறகு பழைய பதிவு இன்னும் இருக்கிறது என்று நம்பியிருப்பீர்கள். புதிய நிறுவனத்தின் ஆப்பில் நிலையைச் சரிபாருங்கள்.

அல்லது நீங்களே சம்மதம் கொடுத்திருப்பீர்கள். வீட்டுக் கடன் வட்டி எவ்வளவு என்று ஓர் இணையதளத்தில் பார்க்கும்போது கீழே சின்ன எழுத்தில் இருந்த கட்டத்தில் டிக் போட்டிருந்தால், அந்த நிறுவனத்துக்கு டிஎன்டி தடையில்லை. அவர்களிடமே சம்மதத்தைத் திரும்பப் பெற வேண்டும்.

கடைசிக் காரணம், பதிவே செய்யாத விற்பனையாளர்கள். டிஎன்டி பட்டியலை அவர்கள் பார்ப்பதே இல்லை. இவர்களை நிறுத்தும் ஒரே வழி புகார். அதைப் பிறகு விரிவாகப் பார்ப்போம்.

ஆண்ட்ராய்டு போனில்

இந்தியாவில் விற்கும் ஆண்ட்ராய்டு போன்களில் பலவற்றில் கூகுள் போன் ஆப்தான் டயலராக (அழைப்புக்கான ஆப்பாக) இருக்கிறது. அதில்:

1. போன் ஆப்பைத் திறந்து மெனு வழியாக செட்டிங்ஸ் போங்கள்.

2. "காலர் ஐடி அண்ட் ஸ்பேம்" பகுதியில் காலர் ஐடியை ஆன் செய்யுங்கள். ஸ்பேம் அழைப்புகளை வடிகட்டும் "ஃபில்டர் ஸ்பேம் கால்ஸ்" இருந்தால் அதையும் ஆன் செய்யுங்கள். முதலாவது எச்சரிக்கும்; இரண்டாவது போன் அடிக்கவே விடாது.

3. "பிளாக்டு நம்பர்ஸ்" பகுதியில் "அன்நோன்" என்ற சுவிட்சை ஆன் செய்யுங்கள்.

இந்த மூன்றாவது படியில்தான் குழப்பம் அதிகம். கான்டாக்ட்டில் இல்லாத எல்லா எண்ணும் அடைபடும் என்று சிலர் பயந்து இதைத் தொடுவதில்லை. வேறு சிலர் ஆன் செய்துவிட்டு, "இன்னும் புது நம்பர்ல இருந்து கால் வருதே" என்கிறார்கள். இது அடைப்பது எண் மறைத்து வரும் அழைப்பை மட்டும். பத்து இலக்கம் தெரிந்து வரும் எந்த அழைப்பையும் இது தடுக்காது. எனவே எல்லோரும் ஆன் செய்து வைக்கலாம். இழப்பு பெரிதாக இருக்காது.

சாம்சங்கில் போன் ஆப்பின் மூன்று புள்ளி, செட்டிங்ஸ், "பிளாக் நம்பர்ஸ்". அங்கேயும் மறைத்த எண்ணுக்கான சுவிட்ச் தனியாக இருக்கும். அதே செட்டிங்ஸில் "காலர் ஐடி அண்ட் ஸ்பேம் புரொடெக்ஷன்" என்பதையும் ஆன் செய்யுங்கள்.

ஷாவ்மி, ஓப்போ, ரியல்மி, விவோ போன்களில் நிறுவனத்தின் சொந்த டயலர் இருந்தால் அதன் செட்டிங்ஸில் பிளாக் பட்டியல் என்ற பகுதி இருக்கும். அதில் "தெரியாத எண்கள் எல்லாம்" என்ற சுவிட்சும் "மறைத்த எண்கள்" என்ற சுவிட்சும் பக்கத்துப் பக்கத்தில் கிடக்கும். இங்கே முதலாவது உண்மையிலேயே கான்டாக்ட்டில் இல்லாத அத்தனை பேரையும் அடைத்துவிடும். கைதவறி அதைப் போட்டுவிட்டு, இன்டர்வியூ அழைப்பு ஏன் வரவில்லை என்று காத்திருக்கும் நிலை வரக் கூடாது. இரண்டாவதை மட்டும் ஆன் செய்யுங்கள். எண்ணின் தொடக்கத்தை வைத்து அடைக்கும் வசதி சில டயலர்களில் உண்டு. இருந்தால் 140 என்று கொடுங்கள். 044 என்று கொடுத்துவிடாதீர்கள். சென்னையின் பாதி ஆஸ்பத்திரிகளும் பள்ளிகளும் அந்தக் குறியீட்டிலிருந்துதான் அழைக்கின்றன.

தெரியாத எண் எதுவுமே சத்தம் போடக் கூடாது, ஆனால் வந்தது என்ற பதிவு மட்டும் வேண்டும் என்றால் பிளாக் வசதியை விட்டுவிட்டு "டூ நாட் டிஸ்டர்ப்" பயன்படுத்துங்கள். செட்டிங்ஸில் சவுண்ட் பகுதியில் இருக்கும். புதிய போன்களில் "மோட்ஸ்" என்ற பெயரின் கீழ் இருக்கலாம். அழைப்புகளுக்கு "கான்டாக்ட்ஸ் மட்டும்" என்று வையுங்கள். அலாரத்தையும் ஆப் அறிவிப்புகளையும் அனுமதியுங்கள். இல்லையென்றால் வாட்ஸ்அப்பும் ஊமையாகிவிடும். "ரிப்பீட் காலர்ஸ்" சுவிட்சை ஆன் செய்தால், ஒரே எண்ணிலிருந்து 15 நிமிடத்துக்குள் இரண்டாவது முறை அழைத்தால் மணி அடிக்கும். அவசரமாகத் தேடுபவர் மறுபடி அழைப்பார்; கால் சென்டரின் டயலர் மென்பொருள் அவ்வளவு சீக்கிரம் அதே எண்ணிலிருந்து வருவது குறைவு. இந்த ஒரு சுவிட்ச் பெரிய பாதுகாப்பு.

ஐபோனில்

ஐஓஎஸ் 13 முதல் "சைலன்ஸ் அன்நோன் காலர்ஸ்" உண்டு. செட்டிங்ஸில் போன் என்ற பகுதிக்குள் இருக்கும். ஐஓஎஸ் 18 முதல் செட்டிங்ஸ், ஆப்ஸ், போன் என்று ஒரு படி உள்ளே போக வேண்டும். ஐஓஎஸ் 26இல் இது "ஸ்கிரீன் அன்நோன் காலர்ஸ்" என்று மாறி மூன்று தேர்வு தருகிறது: எதுவும் செய்யாதே, எதற்காக அழைக்கிறார் என்று கேள், சத்தமில்லாமல் வை. கேட்கும் வசதி நாட்டையும் மொழியையும் பொறுத்தது.

சத்தமில்லாமல் வைத்தால் கான்டாக்ட்டில் உள்ளவர், நீங்கள் அண்மையில் அழைத்த எண், உங்கள் மின்னஞ்சலிலிருந்து ஐபோனின் உதவியாளர் வசதியான சிரி கண்டெடுத்த எண் ஆகியவை மட்டும் மணி அடிக்கும். மற்றவை ரீசன்ட்ஸ் பட்டியலில் பேசாமல் போய் உட்காரும். இங்கே இரண்டு விஷயம் தெரிந்திருக்க வேண்டும். நீங்கள் அவசர எண்ணுக்கு அழைத்தால் அடுத்த 24 மணி நேரத்துக்கு இந்த வடிகட்டி தானாக விலகிக்கொள்ளும். ஆம்புலன்ஸ் ஓட்டுநர் திருப்பி அழைத்தால் கேட்க வேண்டுமே, அதற்காக. ஆனால் உணவு டெலிவரி, டாக்ஸி ஆப் அழைப்புகளுக்கு அந்தச் சலுகை கிடையாது. அவர்களின் அழைப்பு நிறுவனத்தின் இடைநிலை எண் வழியாக ஒவ்வொரு முறையும் புதிதாக வரும். ஆர்டர் போட்ட அரை மணி நேரம் இதை ஆஃப் செய்து வைக்க வேண்டியிருக்கும். அடிக்கடி ஆர்டர் செய்பவருக்கு இது சரிப்படாது. அவர் ஃபோகஸ் வசதியில் "கான்டாக்ட்ஸ் மட்டும்" என்று ஒரு மோட் அமைத்து, வேலை நேரத்திலும் தூங்கும் நேரத்திலும் மட்டும் ஓடவிடலாம். அதிலும் திரும்ப அழைத்தால் விடும் சுவிட்ச் உண்டு. ஐபோனில் இடைவெளி 3 நிமிடம்.

எண் மறைத்தவரை மட்டும் அடைக்கும் தனிச் சுவிட்ச் ஐபோனில் இல்லை. பத்து சுழியத்தை ஒரு கான்டாக்டாகச் சேர்த்து அதை பிளாக் செய்யச் சொல்லும் ஒரு பழைய யோசனை சுற்றிவருகிறது. அதை நம்பியிருக்க முடியாது.

வாட்ஸ்அப்

2023 மே மாதம் இந்தோனேசியா, வியட்நாம், கென்யா குறியீடுகளிலிருந்து வாட்ஸ்அப் அழைப்புகள் இந்தியாவில் குவிந்தன. அடுத்த மாதமே வாட்ஸ்அப் ஒரு சுவிட்ச் தந்தது: செட்டிங்ஸ், பிரைவசி, கால்ஸ், "சைலன்ஸ் அன்நோன் காலர்ஸ்". இதை எல்லோரும் ஆன் செய்யுங்கள். அதே பிரைவசி பகுதியில் குரூப்ஸ் என்பதை "மை கான்டாக்ட்ஸ்" என்று மாற்றினால், தெரியாதவர்கள் உங்களைப் பங்குச்சந்தைக் குழுக்களில் தள்ளுவதும் நிற்கும்.

நெட்வொர்க் எச்சரிக்கையும் காலர் ஐடி ஆப்களும்

ஏர்டெல் 2024 செப்டம்பரில், சந்தேகமான அழைப்பு வரும்போதே திரையில் எச்சரிக்கும் வசதியைக் கட்டணமின்றித் தொடங்கியது. மற்ற நிறுவனங்களும் இதே வழியில் வருகின்றன. இதற்கு நீங்கள் எதையும் நிறுவ வேண்டியதில்லை. எச்சரிக்கை தெரிந்தால் எடுக்காமல் விடுங்கள். ஆனால் எச்சரிக்கை இல்லை என்பதால் அழைப்பு நல்லது என்று எண்ணிவிடக் கூடாது. புதிதாக வாங்கிய எண் கணிப்பில் சிக்க நேரமாகும்.

அழைப்பவர் பெயரைக் காட்டும் ட்ரூகாலர் போன்ற ஆப்கள் வேலை செய்கின்றன. எண் வரிசையை அடைக்கும் வசதியும் அதில் உண்டு. ஆனால் அங்கே தெரியும் பெயர் அரசு ஆவணத்திலிருந்து வருவதில்லை. மற்றவர்கள் வைத்த பெயர், அல்லது அந்த நபரே போட்டுக்கொண்ட பெயர். "சைபர் கிரைம் போலீஸ்" என்று பெயர் தெரிந்தால் அதை ஆதாரமாக எடுத்துக்கொள்ளாதீர்கள். நிறுவும்போது கேட்கும் அனுமதிகளில் அழைப்புக்குத் தேவையானதை மட்டும் கொடுங்கள். உங்கள் எண்ணை அந்தப் பட்டியலிலிருந்து நீக்க வேண்டுமென்றால் முதலில் ஆப்பில் கணக்கை முடக்கி, பிறகு அவர்களின் இணையதளத்தில் நீக்கக் கோர வேண்டும். கணக்கு உயிரோடு இருக்கும்வரை நீக்க முடியாது. ஐபோனில் இத்தகைய ஆப் வேலை செய்ய, போன் செட்டிங்ஸில் "கால் பிளாக்கிங் அண்ட் ஐடென்டிஃபிகேஷன்" பகுதியிலும் அதை ஆன் செய்ய வேண்டும். இதை மறந்துவிட்டு ஆப் சரியில்லை என்று அழித்துவிடுபவர்கள் பலர்.

புகார்: எதை எங்கே கொடுப்பது

விற்பனை அழைப்பு என்றால் 1909. 2025 பிப்ரவரியில் டிராய் விதிகளைத் திருத்தியபின் இந்தப் புகாருக்கு வலு கூடியிருக்கிறது. முன்பு அழைப்பு வந்த 3 நாளுக்குள் புகார் கொடுக்க வேண்டும். இப்போது 7 நாள். பதிவு செய்யாத விற்பனையாளர் மீது புகார் கொடுக்க, நீங்கள் டிஎன்டியில் பதிந்திருக்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. தொலைத்தொடர்பு நிறுவனம் நடவடிக்கை எடுக்க முன்பு 30 நாள் இருந்தது, இப்போது 5 நாள். பத்து நாளில் ஐந்து புகார் சேர்ந்தாலே அந்த எண் மீது நடவடிக்கை தொடங்கலாம். முதல் முறை வெளிச்செல்லும் அழைப்புகளுக்கு 15 நாள் தடை. மீண்டும் மீறினால் அவருடைய எல்லா இணைப்புகளும் ஓராண்டுக்குத் துண்டிப்பு.

இந்த ஐந்து என்ற எண்ணிக்கையைக் கவனியுங்கள். ஒரே அடுக்குமாடிக் குடியிருப்பில் ஐந்து வீட்டுக்கு ஒரே எண்ணிலிருந்து பிளாட் விற்பனை அழைப்பு வருவது சென்னையில் சகஜம். ஐந்து பேரும் தனித்தனியாகப் புகார் கொடுத்தால் கணக்கு நிறைந்துவிடும். குடியிருப்பு வாட்ஸ்அப் குழுவில் எரிச்சலைப் பகிர்வதோடு நிறுத்தாமல் எண்ணையும் தேதியையும் பகிருங்கள்.

எஸ்எம்எஸ் வழியில் புகார் கொடுக்க, அழைப்பில் என்ன பேசினார்கள் என்ற சுருக்கம், காற்புள்ளி, அழைத்த எண், காற்புள்ளி, தேதி (நாள்/மாதம்/ஆண்டு) என்ற வரிசையில் ஆங்கிலத்தில் அடித்து 1909க்கு அனுப்ப வேண்டும். புகார் நிராகரிக்கப்படுவது பெரும்பாலும் இந்தச் சுருக்கம் ஒப்புக்கு இருப்பதால்தான். "தொல்லை" என்று ஒரே சொல்லில் முடிக்காதீர்கள். எந்த நிறுவனம், என்ன பொருள், எந்த இடம் என்று இருக்க வேண்டும். அதற்காகவே அழைப்பை வெட்டும் முன் 20 நொடி பேசுங்கள். "எந்த கம்பெனியில இருந்து பேசறீங்க? பிராஜெக்ட் பேர் என்ன? என் நம்பர் உங்களுக்கு எங்க கிடைச்சது?" இந்த மூன்று கேள்வி போதும். அதற்கு மேல் சண்டை போடுவதில் பயனில்லை. பேசுபவர் சம்பளத்துக்கு வேலை செய்யும் ஓர் இளைஞர்.

மோசடி முயற்சி, பணம் போகவில்லை என்றால் மத்திய அரசின் சஞ்சார் சாத்தி இணையதளம் அல்லது ஆப்பில் உள்ள சக்ஷு பகுதி. 2024 மார்ச்சில் தொடங்கியது. கேஒய்சி (வாடிக்கையாளர் அடையாளச் சரிபார்ப்பு) காலாவதியாகிவிட்டது, பார்சலில் போதைப்பொருள் இருக்கிறது, இன்றிரவு மின் இணைப்பு துண்டிக்கப்படும், இரண்டு மணி நேரத்தில் உங்கள் சிம்மை டிராய் முடக்கப்போகிறது, ஒன்பதை அழுத்துங்கள் என்பன போன்றவை இங்கே வர வேண்டும். அழைப்பு, எஸ்எம்எஸ், வாட்ஸ்அப் மூன்றுக்கும் இடமுண்டு. 30 நாளுக்குள் நடந்ததாக இருக்க வேண்டும். ஸ்கிரீன்ஷாட் இணையுங்கள். டிராய் யாருடைய சிம்மையும் அழைத்து மிரட்டி முடக்குவதில்லை. "டிஜிட்டல் கைது" (வீடியோ காலிலேயே உங்களைக் கைது செய்துவிட்டோம் என்று மிரட்டுவது) என்ற ஒன்று இந்தியச் சட்டத்தில் எங்குமே இல்லை. வெளிநாட்டிலிருந்து வந்த அழைப்பு இந்திய எண்ணைப் போலக் காட்டினால் அதைச் சொல்லவும் அதே தளத்தில் தனி இடம் இருக்கிறது.

பணம் போய்விட்டால் உடனே 1930 என்ற சைபர் மோசடி உதவி எண்ணுக்கு அழையுங்கள். யோசித்துக்கொண்டிருக்க நேரமில்லை. பணம் ஒரு கணக்கிலிருந்து அடுத்ததற்குத் தாவும் முன் முடக்கினால்தான் மீளும். அழைக்கும் முன் வங்கிப் பெயர், பரிவர்த்தனை எண், தொகை, நேரம் ஆகியவற்றைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். லைன் கிடைக்கவில்லையென்றால் தேசிய சைபர் கிரைம் இணையதளத்தில் பதிவு செய்துகொண்டே வங்கியின் எண்ணையும் முயலுங்கள்.

சஞ்சார் சாத்திக்குள் போகும்போதே இன்னொரு சோதனையையும் முடித்துவிடுங்கள். உங்கள் பெயரில் எத்தனை மொபைல் இணைப்பு இருக்கிறது என்று அது காட்டும். தெரியாத எண் இருந்தால் "என் எண் இல்லை" என்று குறித்துவிடலாம். உங்கள் பெயரில் வாங்கிய சிம்மிலிருந்து இன்னொருவருக்குத் தொல்லை போனால் விசாரணை முதலில் உங்கள் வீட்டுக்குத்தான் வரும்.

கடன் வசூல் அழைப்புகள்

நீங்கள் வாங்காத கடனுக்கு அழைப்பு வருகிறதென்றால் இரண்டு காரணம் இருக்கலாம். உறவினரோ நண்பரோ உங்கள் எண்ணைக் கொடுத்திருக்கலாம். இல்லையென்றால் உங்கள் எண் முன்பு வேறொருவரிடம் இருந்திருக்கலாம். துண்டித்த எண்ணை 90 நாளுக்குப் பிறகு தொலைத்தொடர்பு நிறுவனங்கள் வேறொருவருக்கு விற்கலாம். அந்தப் பழைய ஆளின் கடன் உங்களைத் தேடி வரும். இவற்றை 1909 கவனிக்காது, ஏனென்றால் இது விளம்பரம் இல்லை. கடன் கொடுத்த வங்கி அல்லது நிதி நிறுவனத்தின் குறைதீர் அதிகாரிக்கு மின்னஞ்சல் அனுப்பி, இந்த எண் கடனாளியுடையது இல்லை, நீக்குங்கள் என்று எழுதுங்கள். 30 நாளில் பதில் இல்லையென்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். உதவி எண் 14448. கடன் உங்களுடையதாகவே இருந்தாலும், காலை 8 மணிக்கு முன்பும் மாலை 7 மணிக்குப் பின்பும் வசூல் முகவர் அழைக்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2022 ஆகஸ்டில் சொல்லியிருக்கிறது. நேரத்தோடு ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள்.

மிரட்டல், ஆபாசம், விடாமல் பின்தொடர்வது

இங்கே எண்ணை பிளாக் செய்வது முதல் வேலை இல்லை. முதல் வேலை ஆதாரம்.

அழைப்புப் பட்டியலைத் தேதியும் நேரமும் தெரியும்படி ஸ்கிரீன்ஷாட் எடுங்கள். பட்டியலை அழிக்காதீர்கள், போனை ரீசெட் செய்யாதீர்கள். ஒரு நோட்டில் எந்த நாள், எத்தனை மணி, என்ன சொன்னார் என்று எழுதி வாருங்கள். பெண்ணை ஓர் ஆண் விடாமல் தொடர்புகொள்கிறார் என்றால், "என்னைத் தொடர்புகொள்ள வேண்டாம்" என்று ஒரே ஒரு முறை எழுத்தில் அனுப்பிவிட்டு அதன்பின் எதற்கும் பதில் சொல்லாதீர்கள். இந்தியாவின் குற்றவியல் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 78ஆவது பிரிவு, விருப்பமில்லை என்று தெளிவாகக் காட்டிய பிறகும் தொடர்வதைத்தான் குற்றமாகச் சொல்கிறது. அந்த ஒற்றைச் செய்தி வழக்கில் பேசும். முதல் முறை குற்றம் நிரூபணமானால் 3 ஆண்டு வரை சிறை.

பெயரையோ இருப்பிடத்தையோ மறைத்து மிரட்டினால் அதே சட்டத்தின் 351ஆவது பிரிவின் நான்காவது உட்பிரிவு பொருந்தும். மிரட்டலுக்கான தண்டனையோடு மேலும் 2 ஆண்டு வரை சேரும். எண் தெரியாததால் போலீஸ் ஒன்றும் செய்ய முடியாது என்று விட்டுவிடாதீர்கள். உங்கள் திரையில்தான் எண் மறைந்திருக்கும். நெட்வொர்க்கில் பதிவு இருக்கும். யார் யாரை எப்போது அழைத்தார் என்ற பதிவுகளைத் தொலைத்தொடர்பு நிறுவனங்கள் குறைந்தது 2 ஆண்டு வைத்திருக்க வேண்டும். ஆனால் நீங்கள் நேரடியாக நிறுவனத்திடம் கேட்டால் தர மாட்டார்கள். காவல் துறை எழுதிக் கேட்டால்தான் கிடைக்கும். இணையவழி அழைப்பென்றால் தேடுவது கடினம், நாளாகும்.

சென்னையில் உங்கள் பகுதிக் காவல் நிலையத்திலோ அனைத்து மகளிர் காவல் நிலையத்திலோ புகார் கொடுக்கலாம். எல்லை எங்களுடையது இல்லை என்று திருப்பி அனுப்பக் கூடாது. எந்த நிலையத்திலும் பதிவு செய்து உரிய இடத்துக்கு மாற்ற வேண்டும் என்பதே சட்டம். வாங்க மறுத்தால் வேப்பேரியில் உள்ள மாநகரக் காவல் ஆணையர் அலுவலகத்தில் கொடுங்கள். மனு ஏற்பு ரசீதை வாங்காமல் வராதீர்கள். உடனடி ஆபத்தென்றால் 112, பெண்களுக்கு 181, குழந்தைகளுக்கு 1098.

அழைப்பைத் திருப்பிவிடும் ஏமாற்று

"உங்கள் பார்சலை உறுதி செய்ய இந்த எண்ணை டயல் செய்யுங்கள்" என்று நட்சத்திரக் குறியோடு ஓர் எண்ணைச் சொன்னால் போடாதீர்கள். அது உங்களுக்கு வரும் அழைப்புகளை அவர்களுக்குத் திருப்பிவிடும் கட்டளை. பிறகு ஓடிபி சொல்லும் குரல் அழைப்பும் அவர்களுக்கே போகும். இதனால்தான் இந்தக் குறியீட்டு முறையை 2024 ஏப்ரல் 15 முதல் நிறுத்தச் சொல்லி தொலைத்தொடர்புத் துறை உத்தரவிட்டது. சந்தேகமிருந்தால் போன் ஆப் செட்டிங்ஸில் "கால் ஃபார்வர்டிங்" திறந்து, "ஆல்வேஸ் ஃபார்வர்ட்" என்பதில் எண் எதுவும் இருக்கிறதா பாருங்கள். இருந்தால் ஆஃப் செய்யுங்கள். இரண்டு சிம்முக்கும் தனித்தனியாகப் பார்க்க வேண்டும். ##002# போட்டால் எல்லாத் திருப்பலும் நீங்கும். உங்கள் நெட்வொர்க்கில் அது எடுபடவில்லையென்றால் வாடிக்கையாளர் சேவையிடம் சொல்லி நீக்குங்கள்.

வீட்டுப் பெரியவர்களின் போன்

அப்பா அம்மா போனில் மேலே சொன்ன எல்லாவற்றையும் செய்து கொடுத்துவிட்டுப் போய்விடாதீர்கள். முதலில் கான்டாக்ட் பட்டியலைச் சரிசெய்யுங்கள். டாக்டர், மருந்துக் கடை, பால்காரர், சிலிண்டர் ஏஜென்சி, பக்கத்து வீடு, வாட்ச்மேன், பிளம்பர், வெளிநாட்டில் இருக்கும் பிள்ளையின் எண் ஆகியவற்றை நாட்டுக் குறியீட்டோடு சேர்த்து வையுங்கள். அதற்குப் பிறகுதான் "கான்டாக்ட்ஸ் மட்டும்" என்ற மோடைப் போட வேண்டும். வரிசை மாறினால் பால்காரர் கேட்டுக்கு வெளியே நின்று அழைத்துக்கொண்டே இருப்பார், மணியே அடிக்காது. வாரம் ஒரு முறை தவறிய அழைப்புகளைப் பார்த்து, வேண்டிய எண்ணைச் சேர்த்துக் கொடுங்கள்.

எண் வெளியே போகும் ஓட்டைகள்

துணிக்கடை பில் கவுண்டரில் எண் கேட்டால் கொடுக்க வேண்டிய கட்டாயமில்லை. கடைகள் எண்ணைக் கட்டாயப்படுத்தக் கூடாது என்று மத்திய நுகர்வோர் விவகாரத் துறை 2023 மே மாதம் அறிவுறுத்தியது. மால் வாசலில் கார் பரிசுக் கூப்பனை நிரப்பிப் போடுவது, மனைக் கண்காட்சியில் பார்வையாளர் படிவம், பொறியியல் கலந்தாய்வு நேரத்தில் "இலவச வழிகாட்டல்" படிவம் ஆகியவை அழைப்புகளின் ஊற்று. படிவம் நிரப்பியே ஆக வேண்டுமென்றால் அதற்கென்று குறைந்த கட்டணத்தில் ஒரு இரண்டாவது சிம் வைத்துக்கொள்வது நல்ல செலவு. வங்கி, ஆதாரோடு இணைத்த எண் ஒன்று. கடை, டெலிவரி, விசாரணைகளுக்கு மற்றொன்று.

எண்ணையே மாற்றுவது கடைசி வழி. அதற்கு முன் வங்கி, ஆதார், பான், கேஸ், மின்வாரியம், பிஎஃப், வாட்ஸ்அப், மின்னஞ்சல் என எங்கெல்லாம் பழைய எண் இருக்கிறதோ அங்கெல்லாம் மாற்றி, புதிய எண்ணுக்கு ஓடிபி வருகிறதா என்று ஒவ்வொன்றாகச் சோதியுங்கள். அதுவரை பழைய சிம்முக்கு ரீசார்ஜை நிறுத்தாதீர்கள். 90 நாள் கழித்து அந்த எண் வேறொருவர் கைக்குப் போகலாம். நீங்கள் மாற்ற மறந்த கணக்கின் ஓடிபி அவருக்குத்தான் போகும்.